ஏடும் கழுவும்: மதுரையில் ஆளுடைய பிள்ளையார்க்கு அமைந்த உருவம்

1. தோற்றுவாய்

சமயத் தலைவர் ஒருவர் வாழ்ந்த வாழ்வு ஒன்று. அவரைப் பற்றி மக்கள் உள்ளத்தில் நிலைபெறும் உருவம் மற்றொன்று. இரண்டும் முழுதும் ஒத்திருத்தல் அரிது. பின்னதை ஆக்குவன அவர்தம் வாய்மொழியும், அவர் புகழ் பாடிய நூல்களும், அந்நூற்பொருளைக் கல்லாதாரிடத்தும் கொண்டு சேர்த்த இசையும் படிமமும் ஓவியமும் விழாவும், பின்னாளில் வந்த அச்சும் ஆகும். இவை யாவற்றையும் இக்காலத்தார் ஊடகம் என்னும் ஒரே சொல்லால் சுட்டுவர். சொல் புதிது, பொருள் மிகப் பழையது.

ஏழாம் நூற்றாண்டினராகிய திருஞானசம்பந்தர்க்கு மதுரையில் அமைந்த உருவம் இதற்குத் தக்க சான்றாகும். பாண்டியன் வெப்புநோய் தீர்த்தது, நெருப்பிலிட்ட ஏடு பசுமை மாறாதிருந்தது, வையையில் விட்ட ஏடு நீரை எதிர்த்துச் சென்றது, தோற்ற சமணர் எண்ணாயிரவர் கழுவேறியது என்பன மதுரை வட்டாரத்தார் அனைவரும் அறிந்த செய்திகள். இவற்றுள் இறுதியாகக் கூறிய கழுவேற்றத்தைச் சைவத்தின் வெற்றியெனப் போற்றுவாரும் உளர். சைவத்தின் கொடுமையெனத் தூற்றுவாரும் உளர். இரு சாராரும் அதனைப் பிள்ளையார் வாழ்வின் ஒரு பகுதியாகவே கொண்டு பேசுகின்றனர். அஃது அவர் வாழ்விற்கு உரியதா, அவர்க்குப் பிற்காலத்தார் சமைத்த உருவத்திற்கு உரியதா என்பதே ஈண்டு ஆராயப்படுவது.

2. பதிகம் காட்டும் உருவம்

தம்மைப் பற்றிய உருவத்தை முதன்முதல் அமைத்தவர் பிள்ளையாரே ஆவர். முதல் மூன்று திருமுறைகளாகத் தொகுக்கப்பெற்ற அவர் பதிகங்களிற் பெரும்பாலானவை ஓர் ஒழுங்கான கட்டுக்கோப்பு உடையவை. எட்டாம் பாட்டில் இராவணன் செருக்கடங்கியது வரும். ஒன்பதாம் பாட்டில் மாலும் அயனும் அடிமுடி தேடியது வரும். பத்தாம் பாட்டில் சமணரும் சாக்கியரும் இகழப்படுவர். இறுதிப் பாட்டாகிய திருக்கடைக்காப்பில் பாடியவர் தம் பெயரும் ஊரும், அப்பதிகத்தை ஓதுவார் பெறும் பயனும் கூறப்படும். நூலின் பாயிரத்தில் ஆசிரியன் பெயரைப் பிறர் கூறுதல் தமிழ் மரபு. பிள்ளையாரோ தம் பெயரைப் பாட்டினுள்ளேயே பொதிந்து வைத்தார். பாடியவர் பெயரை விடுத்துப் பதிகத்தை முற்ற ஓதுதல் இயலாது. எனவே பதிகம் சென்ற ஊர்தோறும் காழி ஞானசம்பந்தன் என்னும் பெயரும் சென்றது. எழுத்தறியாதார் மிக்கிருந்த காலத்தில் ஒருவர் பெயரை நாடெங்கும் நிறுத்துதற்கு இதனினும் சிறந்த வாயில் இல்லை.

மதுரைப் பதிகங்களில் இத்திறம் மேலும் விளங்கும். பாண்டிமாதேவியை விளித்துப் பாடிய பதிகம் ஒன்றில், தம்மைச் சிறு பாலன் என்றெண்ணி அஞ்ச வேண்டா எனவும், ஆனைமலை முதலிய இடங்களில் வாழும் சமணர்க்குத் தாம் எளியர் அல்லர் எனவும் கூறுகின்றார். அரசியும் அமைச்சர் குலச்சிறையாரும் அடுத்தடுத்த பாட்டுக்களிற் புகழப்படும் ஆலவாய்ப் பதிகம் மற்றொன்று. முன்னதில் இளமை வலிமையின்மை ஆகாது என்பது நிறுவப்படுகிறது. பின்னதில் அரண்மனையில் தமக்கு ஆதரவு நல்கியோர் யாவர் என்பது ஊரறியக் கூறப்படுகிறது. வாதில் இறங்குமுன் இறைவன் திருவுள்ளத்தை வினவும் பதிகமும் உண்டு. இவற்றைப் பத்திப் பாடல்கள் என்ற அளவில் மட்டும் படிப்போர், பாடியவர் தம் நிலையைப் பொதுமக்கள் முன்னர் எத்துணைத் தெளிவாக அமைத்துக்கொண்டார் என்பதைக் காணத் தவறுவர்.

இனி, மதுரை நிகழ்ச்சிகளுக்குப் பிள்ளையார் வாக்கிலேயே உள்ள அகச்சான்றுகளை நோக்குவோம். ஆலவாய்ப் பதிகம் ஒன்று, மடத்தில் இடப்பட்ட தீ பாண்டியனைச் சென்று பற்றுமாறு வேண்டுகிறது. திருநீற்றுப் பதிகத்தின் இறுதிப் பாட்டுப் பாண்டியன் உடலிற் பற்றிய தீப்பிணி தீர்ந்தமை சுட்டுகிறது. திருநள்ளாற்றுப் பதிகம் ஒன்று, தன் பாடல்கள் எரியிலிடப்படினும் பழுதுறா என்று பாட்டுத்தோறும் கூறுகிறது. திருவேடகப் பதிகத்தின் இறுதிப் பாட்டு, வையை நீரில் ஏடு சென்று அணைந்த தலம் என அவ்வூரைப் போற்றுகிறது. ஆகவே மடத்துத் தீ, வெப்புநோய், அனல் வாதம், புனல் வாதம் ஆகிய நான்கிற்கும் பதிகத்திற் குறிப்பு உண்டு. கழுவேற்றம் ஒன்றிற்கே இல்லை.

பாடாமை நிகழாமைக்குச் சான்றாகுமா என வினவலாம். தக்க வினாவே. அப்பதிகங்களிற் பல வாது முடியுமுன் பாடப்பெற்றவை. அவற்றிற் கழுவேற்றம் வருதற்கு இடமில்லை. ஆயினும் மதுரையை நீங்கிய பின்னரும் பிள்ளையார் பல தலங்களிற் பாடினார் என்பதே புராண மரபு. பத்தாம் பாட்டுத்தோறும் சமணரைக் கடிந்துரைக்க இடம் வகுத்துக்கொண்ட ஒருவர், அவர்தம் பேரழிவை ஓரிடத்தேனும் சுட்டாதிருத்தல் எண்ணிப் பார்க்கத்தக்கது. இஃது ஒன்றே முடிந்த முடிபுக்குப் போதாதாயினும், ஐயத்திற்குப் போதிய அடிப்படையாகும்.

இங்ஙனம் கூறுவதனாற் பிள்ளையாரை முற்றும் மென்மையுடையவராகக் காட்டுதல் கருத்தன்று. பத்தாம் பாட்டுக்களின் சொல் கடுமையானது. மாற்றுச் சமயத்தாரின் உடையும் உணவும் உடலும் அவற்றில் எள்ளப்படுகின்றன. அக்கடுமை அவர் வாக்கிலேயே உள்ளது. பிறர்மேல் ஏற்றி அதனை மறைத்தல் ஆராய்ச்சியாகாது. சொல்லால் வென்றதாகப் பாடும் இளைஞர் ஒருவரையே பதிகங்களிற் காண்கிறோம். கழுவின் முன் நிற்பவரை அவற்றிற் காணோம்.

3. அந்தாதியும் பரணியும்

பிள்ளையார்க்கு அடுத்த நூற்றாண்டினராகிய சுந்தரர், திருத்தொண்டத் தொகையில் சம்பந்தரை இறைவன் திருவடியன்றிப் பிறிதொன்றைப் பேணாதவர் என்று மட்டுமே குறிக்கிறார்; மதுரைச் செய்தி அங்கு இல்லை. நின்றசீர் நெடுமாறனைக் குறிக்குமிடத்தும் அவன் நெல்வேலிப் போரில் வென்றமையே புகழாகக் கூறப்படுகிறது. அம்மன்னன் சமணம் விட்டுச் சைவம் புகுந்ததோ, கழுவேற்றியதோ அங்குப் பேசப்படவில்லை.

கழுவேற்றம் நமக்குத் தெளிவாகக் கிடைப்பது நம்பியாண்டார் நம்பியின் நூல்களிலேயாம். பத்து, பதினோராம் நூற்றாண்டுகளை ஒட்டியவராகக் கருதப்படும் இவர், ஆளுடைய பிள்ளையார்மீது அந்தாதி, சண்பை விருத்தம், மும்மணிக்கோவை, உலாமாலை, கலம்பகம், திருத்தொகை என ஆறு நூல்கள் பாடினார்; அவை பதினோராம் திருமுறையில் உள்ளன. அவற்றிற் கழுவேற்றம் பிள்ளையாரின் அருஞ்செயல்களுள் ஒன்றாகப் போற்றப்படுகிறது.

இந்நூல்களின் வகையை ஈண்டு நோக்குதல் வேண்டும். உலாவும் கலம்பகமும் பாட்டுடைத் தலைவனைப் புகழ்வதற்கு அமைந்தவை. அத்தலைவன் அரசனாயின் அவன் வென்ற போர்களும் அழித்த பகைவரும் பாடப்படுவர். இவ்வடிவங்களை ஓர் அடியார்க்கு ஆக்கியபோது, அரசர்க்குரிய வெற்றிச் சிறப்பும் அவர்க்கு வேண்டுவதாயிற்று. பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஒட்டக்கூத்தர் தக்கயாகப் பரணியினுள் பிள்ளையாரின் மதுரை வரலாற்றை அமைத்தார். பரணியோ போர்க்களத்தைப் பாடும் நூல். ஆயிரம் யானைகளைக் கொன்ற வீரனுக்கு உரியதென இலக்கணம் வகுக்கப்பெற்றது. அங்கே வாதமும் போராகவே விளங்கும். கழுவேற்றக் கதை எங்குத் தோன்றியது எனக் காட்டல் அரிதாயினும், அது வளர்தற்கு ஏற்ற நிலம் இவ்விலக்கிய வகைகளிற் பண்பட்டுக் கிடந்தது என்பது தெளிவு.

4. சேக்கிழாரின் இடர்ப்பாடு

இரண்டாம் குலோத்துங்கன் காலத்தில் (1133-1150) எழுந்தது பெரியபுராணம் என்பர். மன்னன் சமண காப்பியமாகிய சிந்தாமணியிற் கொண்ட ஈடுபாட்டை மாற்றவே சேக்கிழார் இதனைப் பாடினார் எனவும், தில்லையில் அரங்கேறிய பின் அதனை யானைமேல் ஏற்றிச் சிறப்பித்தனர் எனவும் சேக்கிழார் புராணம் கூறும். அவ்வரலாறு எவ்வாறாயினும், ஒரு காப்பியத்தின் செல்வாக்கை மற்றொரு காப்பியத்தாலன்றி மாற்றவொண்ணாது என்பதை அம்மரபு உணர்ந்திருந்தமை புலனாகும். பெரியபுராணத்திற் சம்பந்தர் வரலாறே 1256 செய்யுட்களைக் கொண்டது. பிள்ளை பாதி, புராணம் பாதி என்னும் பழமொழி இதனாற் பிறந்தது.

சேக்கிழார் காலத்திற் கழுவேற்றக் கதை நிலைபெற்றுவிட்டது. நம்பியை வழிநூலாகக் கொண்ட அவர் அதனை விலக்க இயலாது. ஆயின் அவர் அதனைக் கூறும் முறை நுனித்து நோக்கத்தக்கது. முதலாவது, தோற்றாற் கழுவேறுவோம் என்னும் சூளைச் சமணரே உரைக்கின்றனர். அதுவும் வெகுளியாலும் பொறாமையாலும் வாய்சோர்ந்து தாமே கூறியதாக. இரண்டாவது, செற்றத்தால் இவ்வாறு உரைத்தீர் என மன்னனே அவர்க்கு எடுத்துக் கூறுகிறான். மூன்றாவது, தண்டம் விதிப்பவன் மன்னன், நிறைவேற்றுபவர் குலச்சிறையார். நான்காவது, பிள்ளையார்க்கு அவர்பாற் பகை இல்லை என்பது வெளிப்படையாகவே சொல்லப்படுகிறது. அடியார் தங்கிய மடத்தில் தீங்கு செய்தமை கருதியே அவர் மன்னனைத் தடுக்காதிருந்தார் என்பது கவியின் அமைதி.

ஒரு செயலை வெற்றியென்றே கருதிய புலவர்க்கு இத்துணைக் காவல் வேண்டியதில்லை. நம்பி அதனைப் புகழாகப் பாடிய இடத்தில், சேக்கிழார் அதற்குக் காரணம் தேடுகின்றார். அன்பே உருவாகிய அடியார் கூட்டத்தைப் பாட முற்பட்ட ஒருவர்க்கு எண்ணாயிரவர் உயிர் இடர் தந்தது என்றே கொள்ளல் தகும். பிள்ளையாரின் வாய்வாளாமை சேக்கிழார் புனைந்தது. அவ்வாய்வாளாமையிற் கவியின் தயக்கமே ஒலிக்கிறது. தம் தலைவரின் உருவத்தைக் காக்க அவர் முயன்றார். ஆயின், காப்பதற்காகக் கூறிய அவ்விரிவே கதையை மறக்கவொண்ணாததாக ஆக்கிவிட்டது.

5. படிமம், விழா, திருவிளையாடல்

நூலைக் கற்றோர் சிலரே. படிமத்தைக் கண்டோரும் பாட்டைக் கேட்டோரும் பலர். முதல் இராசராசன் தஞ்சைப் பெருங்கோயிலில் திருப்பதியம் ஓதப் பிடாரர் 48 பேரையும், உடுக்கையும் கொட்டிமத்தளமும் வாசிப்பார் இருவரையும் அமர்த்தினான் என்பது கல்வெட்டுச் செய்தி. நாயன்மார் செப்புப் படிமங்களும் அக்கோயிலில் எழுந்தருளின. இரண்டாம் இராசராசன் காலத்துத் தாராசுரம் கோயிலில் அடியார் வரலாறுகள் சிறு சிற்பங்களாக வரிசைப்படுத்தப்பெற்றன.

செப்புப் படிமத்திற் பிள்ளையார் எவ்வாறு காட்சி தருகின்றார்? ஒரு கையிற் கிண்ணம். மறு கையின் சுட்டுவிரல் வானை நோக்கும். சீகாழிக் குளக்கரையில் ஞானப்பால் உண்டு, தந்தையார்க்கு அம்மையப்பரைச் சுட்டிக் காட்டிய குழந்தை அது. படிமம் ஒரு கணத்தையே காட்டவல்லது. சிற்பியர் தெரிந்துகொண்ட கணம் சீகாழியதே; மதுரையது அன்று. சோழநாட்டுக் கோயில்களில் வழிபடுவார் உள்ளத்தில் நிறைந்தவர் இக்குழந்தையே.

மதுரையில் நிலைமை வேறு. ஊர்ப்பெருமையைப் பாடும் தலபுராணத்திற்கு அவ்வூரில் நிகழ்ந்தனவே இன்றியமையாதவை. பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்தில் 62ஆம் திருவிளையாடல் பாண்டியன் சுரம் தீர்த்தது. 63ஆவது சமணரைக் கழுவேற்றியது. சேக்கிழார் மன்னன்மேலும் சமணர்மேலும் ஏற்றிக் கூறிய செயல், இங்கே சொக்கநாதரின் 64 விளையாட்டுக்களுள் ஒன்றாக எண்ணப்பட்டது. செய்தவன் இறைவனாகவே, சேக்கிழார் கொண்ட தயக்கத்திற்கு இனி இடமில்லை. பொற்றாமரைக் குளத்தைச் சூழ்ந்த மண்டபச் சுவர்களில் திருவிளையாடல்கள் ஓவியமாகத் தீட்டப்பெற்றிருந்தன. ஆவணி மூலத் திருவிழாவிற் புட்டுக்கு மண் சுமந்தது முதலிய விளையாடல்கள் இன்றும் நடித்துக் காட்டப்பெறுகின்றன. கழுவேற்றமும் கோயில் விழாக்களில் இடம்பெற்றமையை ஆராய்ச்சியாளர் குறித்துள்ளனர். சோழவந்தானை அடுத்த திருவேடகத்தில் ஏடு எதிரேறிய விழா ஆவணியில் நடைபெறும். ஆண்டுதோறும் கண்ணாற் காணும் நிகழ்ச்சியை நிகழாததென எண்ணுவார் எவர்?

பிறநாட்டு நிகழ்ச்சி ஒன்றை ஈண்டு ஒப்புநோக்கலாம். செருமானிய நாட்டு மார்ட்டின் லூதரின் துறவிக் கோலத்தைக் கிரானாக் என்னும் ஓவியர் 1520இல் செப்புத்தகட்டிற் பொறித்து அச்சிட்டார். லூதர் வாழ்ந்த காலத்திலேயே அவர் முகம் மக்களிடம் சென்றது. பிள்ளையாரின் மதுரை உருவமோ அவர்க்குப் பின் பல நூற்றாண்டுகளிற் படிப்படியாக அமைந்தது. லூதர்க்குத் தம் உருவத்தைக் காணவும் ஒப்பவும் மறுக்கவும் வாய்ப்பிருந்தது; பிள்ளையார்க்கு அவ்வாய்ப்பு இருந்ததில்லை.

6. குன்றுகள் கூறும் சான்று

மதுரையைச் சூழ்ந்த குன்றுகள் நூல்களினின்றும் வேறான ஒரு சான்றை நல்குகின்றன. பிள்ளையார் பெயர் சுட்டிய ஆனைமலையிலேயே தீர்த்தங்கரர் உருவங்களும் வட்டெழுத்துப் பொறிப்புக்களும் உள்ளன. அவை எட்டு, ஒன்பது, பத்தாம் நூற்றாண்டுகளை ஒட்டியவை. அச்சணந்தி என்னும் சமண முனிவர் பெயர் அங்கும் பிற குன்றுகளிலும் காணப்படுகிறது. கீழக்குயில்குடிச் சமணர் மலைக் கல்வெட்டுக்கள் குறண்டித் திருக்காட்டாம்பள்ளியைச் சார்ந்த மாணாக்கரைக் குறிக்கின்றன. பள்ளியும் ஆசிரியரும் மாணாக்கரும் உருவம் செய்வித்த அடியவரும் மதுரைக்கு அணித்தே அமைதியாக வாழ்ந்தனர் என்பதற்கு இவை சான்று. சித்தன்னவாசற் குகைக்கோயிலை மதுரையைச் சார்ந்த இளங்கௌதமன் என்னும் சமண ஆசிரியர் ஒன்பதாம் நூற்றாண்டிற் புதுப்பித்தமையை அங்குள்ள கல்வெட்டு உரைக்கிறது. ஆனைமலையிலேயே 770இல் பாண்டியன் அமைச்சன் மாறன்காரி நரசிங்கப் பெருமாளுக்குக் குடைவரை எடுத்தான். ஒரே குன்றில் இரு சமயங்களும் இடம்பெற்றிருந்தன.

ஏழாம் நூற்றாண்டில் எண்ணாயிரவர் ஒருங்கே அழிக்கப்பட்டிருப்பின், அடுத்த இரு நூற்றாண்டுகளில் அதே குன்றுகளில் இத்தகைய வாழ்வு மலர்ந்தமைக்கு அமைதி கூறல் எளிதன்று. நீலகண்ட சாத்திரியார் கழுவேற்றத்தை வரலாறாகக் கொள்ளலாகாது என உரைத்தமையும் ஈண்டு நினைக்கத்தக்கது. சமயப் பூசல் இருந்தது. அரசர் ஆதரவு கைமாறியது. சமணர் செல்வாக்குக் குறைந்தது. இவற்றை மறுத்தற்கில்லை. சிறு அளவிற் கொடுமை எதுவும் நிகழவில்லை என நிறுவுதற்கும் சான்றில்லை. எண்ணாயிரம் என்னும் எண்ணும், பிள்ளையார் முன்னிலையில் அது நிகழ்ந்தது என்னும் காட்சியும் பிற்கால நூல்கள் தந்தவை என்பதே நாம் கூறற்பாலது.

7. அச்சுக் காலம்

யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் 1849இல் வண்ணார்பண்ணையில் அச்சுக்கூடம் நிறுவி, 1852இல் பெரியபுராணத்தை வசனமாக்கி வெளியிட்டார். புராணம் கேட்போர் கையிலிருந்து படிப்போர் கைக்கு வந்தது. இது தமிழ் உரைநடைக்கும் சைவத்திற்கும் பெருந்தொண்டு. ஆயினும் செய்யுளை வசனமாக்குங்கால் நிகழ்ச்சி நிரல் நிற்கும். கவியின் குரல் மெலியும். சேக்கிழாரின் தயக்கத்தைச் செய்யுளை ஓதுவோர் உணர்வர். கதைச் சுருக்கத்தைப் படிப்போர் வாது, தோல்வி, கழு என்னும் மூன்றையே அறிவர். இருபதாம் நூற்றாண்டில் இக்கதையைக் கொண்டு சைவத்தைக் கண்டித்தோரும் பெரும்பாலும் சுருக்கத்தையே கைக்கொண்டனர். போற்றுவாரும் தூற்றுவாரும் ஒரே கருவியைக் கையாண்டனர்.

பிள்ளையார் பெயரின் ஆற்றல் மதுரையில் இன்னும் குன்றவில்லை. மதுரை ஆதீனம் அவரால் நிறுவப்பட்டது என்பது மரபு. அதன் தலைவர்கள் ஞானசம்பந்த தேசிகர் என்னும் பெயரைத் தாங்குகின்றனர். 2012 ஏப்ரலில் 292ஆம் பட்டத்து அருணகிரிநாதர் நித்தியானந்தரைத் தமக்கு அடுத்த பட்டத்திற்கு அறிவித்ததும், அவ்வாண்டு அக்டோபரில் அவரை நீக்கியதும் நாளிதழ்களிலும் தொலைக்காட்சியிலும் பெரிதும் பேசப்பட்டன. அருணகிரிநாதர் மறைந்த பின், 2021 ஆகஸ்டில் வேறொருவர் 293ஆம் பட்டம் ஏற்றார். அப்பூசலின் வழக்குக் கூறுகள் இக்கட்டுரைக்குப் புறம்பானவை. ஏழாம் நூற்றாண்டில் ஒருவர் தம் பாட்டின் இறுதியில் தாமே பொறித்துவைத்த பெயரை இன்று தாங்கத்தக்கவர் யார் என்பது பொதுமக்கள் வினாவாக எழுந்தது. அதுவே நமக்கு வேண்டிய செய்தி.

8. முடிபு

மேற்கூறியவாற்றான், பிள்ளையார்க்கு ஓர் உருவமன்றிப் பல உருவங்கள் உள என்பது பெறப்படும். பதிகத்தில் உள்ளவர் சொல்வலியால் வாதில் வென்ற இளைஞர். மாற்றாரை இகழும் கடுஞ்சொல்லும் அவர்க்கு உரியதே. செம்பில் உள்ளவர் கிண்ணம் ஏந்திய குழந்தை. கலம்பகத்திலும் பரணியிலும் உள்ளவர் பகையழித்த தலைவர். புராணத்தில் உள்ளவர் கொடிய தண்டத்தின்முன் வாளாவிருந்தவர். திருவிளையாடலில் அத்தண்டமே இறைவன் விளையாட்டு.

இவ்வேறுபாடு ஏட்டாராய்ச்சியோடு நிற்பதன்று. கழுவேற்றத்தை மெய்யெனக் கொண்டு பெருமிதம் கொள்வோர், பிள்ளையார் தம் வாயாற் கூறாத ஒன்றை அவர் புகழாக்குகின்றனர். அதனையே மெய்யெனக் கொண்டு பழிப்போர், அவர்மேல் நிறுவப்படாத குற்றத்தைச் சுமத்துகின்றனர். இன்று தமிழ்நாட்டில் வாழும் சமணர், தம் முன்னோரின் சாவு விழாப்பொருளாகக் காட்டப்பட்ட கதையைக் கேட்டு வாழ்பவர் என்பதையும் இரு சாராரும் மறத்தலாகாது.

வையையில் எதிரேறியதாகக் கூறப்படும் ஏட்டிற்குப் பிள்ளையார் வாக்கிலேயே சான்று உண்டு. கழுவிற்கு அஃது இல்லை. இவ்விரண்டையும் ஒன்றாகப் பிணைத்தவை பின்வந்த நூலும் சுவரும் விழாவுமே. அப்பிணிப்பை அவிழ்த்து ஒவ்வொன்றையும் அதனதன் காலத்தில் வைத்துக் காண்டலே திறனாய்வார் கடன் என்பது இக்கட்டுரையின் துணிபாகும்.